கழுவி விடுவதற்கு முன்

திருநெல்வேலி, தென்காசி வட்டாரத்துக் கோவில் அறங்காவலர்கள், தக்கார்கள், ஊர்க்கோவில் வரிதாரர்கள், பள்ளிவாசல் ஜமாஅத் நிர்வாகிகள், சேகரக் குழுவினர், பங்குப் பேரவையினர் அனைவருக்கும்,

பாளையங்கோட்டை நீதிமன்றங்களில் குற்ற வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்கள் சிலர் சேர்ந்து எழுதும் மடல் இது. வழிபாட்டு இடத்தை யாரோ வெறியோடு வந்து உடைத்துவிட்டுப் போனால் அடுத்து என்ன செய்வது என்று எல்லோரும் கேட்கிறீர்கள். உண்மையில் கேட்க வேண்டியது, அடுத்த பன்னிரண்டு மணி நேரத்தில் என்ன செய்யக்கூடாது என்பதை. இந்த வழக்குகள் பெரும்பாலும் நீதிமன்றத்தில் தோற்பதில்லை. சம்பவம் நடந்த அன்றைக்கே, அதே இடத்திலேயே தோற்றுவிடுகின்றன.

விடியக்காலம் நடை திறக்க வருகிறவர் பூட்டு அறுபட்டிருப்பதைப் பார்க்கிறார். பீடத்தில் பெயிண்ட், தரையில் கண்ணாடிச் சில்லு, சுவரில் எழுத்து. கால் மணி நேரத்தில் ஊர் கூடிவிடும். முதலில் வந்து சேர்வது குடம் தண்ணீர். தீட்டு தங்கக்கூடாது, பார்க்கிற கண்ணுக்கு ஆகாது என்று பெண்களும் இளவட்டங்களும் சேர்ந்து கழுவி விடுகிறார்கள். செருப்புத் தடம், பூட்டில் இருந்த ரேகை, சாயத் துகள், பெட்ரோல் வாடை அத்தனையும் வாறுகாலில் போய்விடுகிறது. எட்டு மணிக்கு வரும் ஆய்வாளருக்குக் காட்ட மிச்சமிருப்பது ஈரத் தரைதான்.

கழுவக்கூடாது என்று சொல்லவில்லை, பார்வை மகஜர் (சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் சாட்சிகளோடு எழுதும் குறிப்பு) எழுதி முடிந்த பிறகு கழுவுங்கள் என்கிறோம். பூசை நிற்கக்கூடாது என்றால் ஆகமக் கோவிலில் கும்பத்தில் ஆவாகனம் செய்து வேறு மண்டபத்தில் நடத்த வழி உண்டு. திருப்பணிக் காலத்தில் பாலாலயம் என்று அதைத்தானே செய்கிறோம். ஜும்ஆவை மாடியிலோ முற்றத்திலோ நடத்தலாம், ஞாயிறு ஆராதனையைப் பாரிஷ் ஹாலில் வைத்துக்கொள்ளலாம். உடைந்த இடத்தைச் சுற்றிப் பத்தடி தள்ளிக் கயிறு கட்டுங்கள். யார் உள்ளே போனார்கள், எத்தனை மணிக்கு என்று ஒருவர் நோட்டில் எழுதட்டும். தீ எரிந்துகொண்டிருந்தால் அணைப்பதுதான் முதல் வேலை, தடயம் அதற்குப் பிறகு. வெடிக்காத பொருள் கிடந்தால் நிலைமை நேர் எதிர். தண்ணீர் ஊற்றாதீர்கள், வாளியால் மூடாதீர்கள், பையைப் பிரித்துப் பார்க்காதீர்கள். ஆட்களைத் தூர விலக்கிவிட்டு 112-ஐ அழையுங்கள், வெடிகுண்டு செயலிழப்புப் பிரிவு வரட்டும்.

படம் எடுக்கவும் ஒரு முறை இருக்கிறது. கட்டடம் முழுதும் தெரிய ஒன்று, சேதமான சுவரோ பீடமோ தெரிய ஒன்று, பிறகு பக்கத்தில் பள்ளிக்கூட ஸ்கேலை வைத்து நெருங்கி ஒன்று. வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் அளவு சுருங்கும், எடுத்த நேரமும் அழிந்துவிடும். டாக்குமெண்டாக அனுப்புங்கள், எடுத்த போனைக் கைமாற்றாதீர்கள். தடயவியல் நிபுணர் நேரில் வருவது ஏழாண்டும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றங்களுக்குத்தான் என்கிறது நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் (பழைய குற்ற விசாரணை முறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 176(3). அதையும் நடைமுறைக்குக் கொண்டுவர மாநிலங்களுக்கு ஐந்தாண்டு அவகாசம் தந்திருக்கிறார்கள். தீ வைப்பு என்றால் அந்தப் பிரிவு உதவும். பீடத்தை உடைத்த வழக்கில் தானாக யாரும் வரமாட்டார்கள். திருநெல்வேலியில் வட்டாரத் தடய அறிவியல் ஆய்வகம் இருக்கிறது. புகாரிலேயே ஒரு வரி சேர்த்து, தடயவியல் குழு வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள்.

மகஜர் எழுதும்போது ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். இரவு நேரச் சம்பவத்தில் எதிர்த்தரப்பு வக்கீல் கேட்கும் முதல் கேள்வி வெளிச்சத்தைப் பற்றியது. தெருவிளக்கு எத்தனை அடியில் இருந்தது, அன்றைக்கு எரிந்ததா, சாட்சி நின்ற இடத்திலிருந்து முகம் தெரியுமா? மகஜரோடு போலீஸ் போடும் மாதிரி வரைபடத்தில் அந்தக் கம்பமே இருக்காது. கண்ணால் பார்த்த சாட்சி கூண்டில் ஏறி "நல்லா வெளிச்சம் இருந்துச்சுய்யா" என்பார். எங்கே எழுதியிருக்கிறது என்று கேட்டால் பதில் இராது. விளக்குக் கம்பத்தை வரைபடத்தில் போடச் சொல்லுங்கள். மகஜர் சாட்சியாக அறங்காவலரின் மச்சினனையே நிறுத்தாமல் பக்கத்துத் தெருக்காரர் ஒருவரையும் அழையுங்கள்.

இனி புகார். ஊரெல்லாம் கூடி மத்தியானம் வரை பேசி, சாயங்காலம் பதினைந்து பெயர்களோடு எழுதிக் கொடுக்கும் புகாரைவிடக் குற்றவாளிக்கு நல்ல நண்பன் கிடையாது. பதினைந்தில் மூன்று பேர் அன்றைக்கு ஊரிலேயே இல்லை என்று நிரூபணமானால் மீதிப் பன்னிரண்டும் சந்தேகத்தில் விழும். அடையாளம் தெரியாத நபர்கள் என்று எழுதுவதில் குறைச்சல் ஒன்றுமில்லை. பார்த்ததைப் பார்த்தேன் என்றும், கேட்டதைக் கேட்டேன் என்றும், சந்தேகத்தைச் சந்தேகம் என்றும் பிரித்து எழுதுங்கள். முகம் பார்த்தவர் இருந்தால் நடுவர் முன் அடையாள அணிவகுப்பு நடக்கும்வரை பிடிபட்டவர் படத்தை அவருக்குக் காட்டாதீர்கள். ஊர் குரூப்பில் படம் சுற்றியபிறகு நடக்கும் அணிவகுப்புக்கு மதிப்பில்லை.

புகாரை வாங்கிக்கொண்டு சி.எஸ்.ஆர். ரசீது (புகார் வந்தது என்பதற்கான சீட்டு) தந்து அனுப்பினால் வேலை முடியவில்லை. சி.எஸ்.ஆர். வழக்கு அல்ல. முதல் தகவல் அறிக்கையின் நகலைப் புகார்தாரருக்கு இலவசமாகத் தர வேண்டும் என்று சுரக்ஷா சன்ஹிதாவின் 173(2) சொல்கிறது. மூன்றாண்டு முதல் ஏழாண்டுக்குள் தண்டனை உள்ள குற்றமானால் டி.எஸ்.பி. அனுமதியோடு பதினான்கு நாள் முன்விசாரணை நடத்தலாம் என்றொரு கதவு புதிதாகத் திறந்திருக்கிறது. வழிபாட்டு இடத்தைச் சேதப்படுத்துவதற்கான பிரிவு, நியாய சன்ஹிதாவின் (பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 298-க்கு உச்ச தண்டனை இரண்டாண்டு, அதனால் அந்தக் கதவு அதற்குப் பொருந்தாது. "பதினாலு நாள் பார்ப்போம்" என்று சொன்னால் எந்தப் பிரிவுக்கு என்று கேளுங்கள். நிலையத்தில் பதியவில்லை என்றால் காவல் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபால், மாநகர எல்லைக்குள் ஆணையருக்கு. அதிலும் நடக்கவில்லை என்றால் உறுதிமொழிப் பத்திரத்தோடு நடுவரிடம் 175(3) மனு.

எந்தப் பிரிவு என்பதில்தான் பெரிய குழப்பம். நியாய சன்ஹிதாவில் 298 வழிபாட்டு இடத்தையோ புனிதமாகக் கருதும் பொருளையோ இழிவு செய்யும் நோக்கத்தோடு சேதப்படுத்துவது. 299 வேண்டுமென்றே மத உணர்வைப் புண்படுத்துவது, மூன்றாண்டு. 326(ஜி) வழிபாட்டுக் கட்டடத்துக்குத் தீயோ வெடியோ வைப்பது, ஆயுள் வரை போகும். விக்கிரகத் திருட்டு 305, ஏழாண்டு. இவற்றோடு 1992-ஆம் ஆண்டின் தமிழ்நாடு சொத்துச் சேதத் தடுப்புச் சட்டம். எங்கள் ஊர்ப்பக்கத்துச் சுடலைமாடன், சாஸ்தா பீடங்களுக்குப் பட்டா இருக்காது, பாதி புறம்போக்கில் நிற்கும். சொத்தே உங்களுடையது இல்லையே என்று எதிர்த்தரப்பு கேட்கும். 298-க்கு உரிமைப் பத்திரம் தேவையில்லை. 1953-ல் திருச்சி டவுன்ஹால் மைதானத்தில் மண் பிள்ளையார் உடைக்கப்பட்ட வழக்கில் கீழ் நீதிமன்றங்கள் அது வெறும் மண் பொம்மை என்றன. 1958-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. பொருளுக்கு விலையில்லாவிட்டாலும் ஒரு கூட்டம் அதைப் புனிதமாக மதித்தால் போதும் என்றது. ஆனால் ஐந்தாண்டு ஓடிவிட்டது என்று சொல்லி வழக்கை மீண்டும் நடத்தச் சொல்லவில்லை. சட்டம் ஜெயித்தது, புகார்தாரர் தோற்றார். தாமதத்தின் விலை அது.

அனுமதி என்ற சொல்லை எல்லோரும் மனதில் வையுங்கள். 299-க்கும், மதங்களுக்கிடையே பகை மூட்டுவதற்கான 196-க்கும் அரசின் முன் அனுமதி இல்லாமல் நீதிமன்றம் வழக்கைக் கோப்பில் எடுக்க முடியாது, சுரக்ஷா சன்ஹிதாவின் பிரிவு 217. 298-க்கும் 326-க்கும் அது வேண்டாம். கோபத்தில் எல்லாப் பிரிவையும் சேர்க்கச் சொல்லி நிர்ப்பந்திக்கிறோம். பிறகு கோப்பு சென்னைக்குப் போய் உறங்குகிறது. இரண்டாண்டு, மூன்றாண்டு தண்டனைக் குற்றங்களுக்கு மூன்றாண்டு காலவரம்பு உண்டு. அனுமதிக்குக் காத்திருந்த நாளைக் கழித்துக்கொள்ளலாம்தான், ஆனால் காத்திருந்ததற்குக் கடிதம் வேண்டும். கோப்பு எந்தத் தேதியில் எங்கே போனது என்று ஆறு மாதத்துக்கொருமுறை விசாரணை அதிகாரியை எழுத்தில் கேளுங்கள். விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்பதைத் தொண்ணூறு நாளுக்குள் பாதிக்கப்பட்டவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது 193(3)-ல் அவர்களுக்கே உள்ள கடமை.

பெரிய வழக்குகளிலும் இதே ஓட்டைதான். 2002 செப்டம்பர் 24 காந்திநகர் அக்ஷர்தாம் தாக்குதல். மூவருக்குத் தூக்கு உட்பட ஆறு பேருக்குத் தண்டனை ஆனது. 2014 மே 16 அன்று உச்ச நீதிமன்றம் ஆறு பேரையும் விடுவித்தது. பொடா என்ற பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்துக்கான அனுமதியை மனம் செலுத்தாமல் கொடுத்திருக்கிறார்கள், வாக்குமூலங்கள் நம்பத்தக்கவை அல்ல என்பன காரணங்களில் முக்கியமானவை. 2007 மே 18 ஹைதராபாத் மக்கா மசூதி குண்டுவெடிப்பில் ஐந்து பேர் 2018-ல் விடுதலை. 2008 மாலேகாவ்ன் குண்டுவெடிப்பு வழக்கில் ஆறு பேர் செத்துப் பதினேழு ஆண்டு கழித்து 2025 ஜூலை 31-ல் ஏழு பேரும் விடுதலை. யு.ஏ.பி.ஏ. (சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம்) அனுமதி உத்தரவுகள் குறையுள்ளவை என்று நீதிமன்றம் சொன்னது. செத்தவர் எந்த மதம், பிடிபட்டவர் எந்த மதம் என்று பார்த்து இந்த ஓட்டைகள் விழுவதில்லை. யு.ஏ.பி.ஏ. போடுங்கள் என்று ஊர்வலம் போகிறவர்கள் அந்தச் சட்டம் கேட்கும் ஒழுங்கையும் தெரிந்திருக்க வேண்டும். ஆதாரங்களைப் பரிசீலிக்கும் அதிகாரிக்கு ஏழு வேலைநாள், அனுமதி தரும் அரசுக்கு ஏழு வேலைநாள். இந்தக் கெடு கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் 2024-ல் சொல்லியிருக்கிறது. வெடிபொருள் சட்ட வழக்கு என்றால் மாவட்ட ஆட்சியரின் இசைவு தனி. கோவையில் 2022 அக்டோபர் 23 அன்று கோட்டை ஈஸ்வரன் கோவில் முன் கார் வெடித்த வழக்கு சில நாளிலேயே தேசியப் புலனாய்வு முகமையான என்.ஐ.ஏ.வுக்குப் போனது. அப்படிப் போனால் விசாரணை உங்கள் ஊரில் இருக்காது, சாட்சிகள் சென்னையை அடுத்த பூந்தமல்லி சிறப்பு நீதிமன்றம் வரை போக வேண்டும். பேருந்துச் செலவை இப்போதே யோசியுங்கள்.

"குண்டாஸ் போட்டாச்சு" என்று பட்டாசு வெடிப்பவர்களுக்கு ஒரு சொல். அது தடுப்புக் காவல், உச்சம் பன்னிரண்டு மாதம். குற்றம் நிரூபணமானது என்று அதற்கு அர்த்தமில்லை. உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனுவில் உடைந்துபோனால் ஆள் வெளியே வருவார். மூல வழக்கில் அறுபது நாளுக்குள், தீ வைப்பு என்றால் தொண்ணூறு நாளுக்குள், குற்றப்பத்திரிகை வரவில்லை என்றால் அங்கேயும் கேட்டவுடன் ஜாமீன் தந்துவிட வேண்டியதுதான்.

கேமரா விஷயத்தை விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, இன்றைக்கு ஊருக்கு ஊர் மாட்டியிருக்கிறார்கள், ஒருவரும் பார்ப்பதில்லை. நாலு கேமரா, ஒவ்வொன்றும் விநாடிக்கு நாலு மெகாபிட் பதிந்தால் நாளொன்றுக்கு நூற்றி எழுபது ஜிபிக்கு மேல். ஒரு டெராபைட் வட்டு ஆறு நாள் தாங்காது, ஐந்நூறு ஜிபி வட்டு மூன்று நாள்கூட நிற்காது. அதற்குமேல் பழையதன் மேலேயே எழுதிக்கொண்டு போகும். ஒரு வாரம் கழித்துப் போலீஸ் கேட்கும்போது படம் இருக்காது. சம்பவம் தெரிந்த அன்றே ரெகார்டிங்கை நிறுத்துங்கள். பிளக்கைப் பிடுங்காமல் மெனு வழியாக அணையுங்கள். அணைக்கும் முன் டி.வி.ஆர். (கேமராப் படத்தைப் பதியும் பெட்டி) திரையில் காட்டும் நேரத்தையும், பக்கத்தில் ஒரு செல்போனின் நேரத்தையும் ஒரே படத்தில் எடுங்கள். கரண்ட் போய்ப் போய் வந்த டி.வி.ஆரில் கடிகாரம் பதினேழு நிமிடம் முந்தியிருக்கும், சிலவற்றில் வருடமே 2000 என்று காட்டும். அந்த வித்தியாசத்தை எழுதி வைக்கவில்லை என்றால் படத்தில் நிற்கும் ஆள் அந்த நேரத்தில் வேறு ஊரில் இருந்தார் என்று எதிர்த்தரப்பு எளிதாக நிரூபிக்கும்.

படத்தைப் பென்டிரைவில் கொடுத்தால் போதாது. சாக்ஷ்ய அதினியத்தின் (புதிய சாட்சியச் சட்டம்) 63(4) சான்றிதழ் வேண்டும். பகுதி ஏ கருவியைப் பராமரிக்கிறவர் கையெழுத்து, பகுதி பி நிபுணர் கையெழுத்து, இரண்டிலும் ஹேஷ் எண் இருக்க வேண்டும். கோப்பில் ஒரு எழுத்து மாறினாலும் அந்த எண் மாறிவிடும், அதற்காகத்தான் கேட்கிறார்கள். சான்றிதழ் இல்லாத மின்னணு நகல் செல்லாது என்பதை 2020 ஜூலையில் உச்ச நீதிமன்றம் திட்டவட்டமாகச் சொன்னது. கேமரா மாட்டிய கடைக்காரர் பெயர், ரகசிய எண் யாரிடம் இருக்கிறது என்பதை எழுதி வையுங்கள். அவர் கேரளா போயிருப்பார், எண் அவருக்கு மட்டும் தெரிந்திருக்கும்.

அடுத்து சமாதானக் கூட்டம். கோட்டாட்சியர் முன்னிலையில் இரு தரப்பும் கைகுலுக்குவது நல்லது, ஊர் அமைதியாக இருக்க வேண்டும். ஆனால் 298 ராஜியாகிற குற்றமல்ல. புகாரை வாபஸ் வாங்கிவிட்டோம் என்று தாளில் எழுதிக் கொடுத்தாலும் வழக்கு நிற்காது, உயர் நீதிமன்றத்தில் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ன் கீழ் மனுப் போட்டால்தான் அந்தப் பேச்சு. நடுவில் நடப்பது சாட்சிகள் பிறழ்வதுதான். கொடைக்கு வரி தர வேண்டும், சம்சாரம் அந்தத் தெருவில் பொருள் வாங்க வேண்டும், எனவே சாட்சி ஒன்றும் தெரியாது என்கிறார். பயம் உள்ள சாட்சியின் வாக்குமூலத்தை 183-ன் கீழ் நடுவர் முன் பதியச் சொல்லி விசாரணை அதிகாரியிடம் கேளுங்கள். சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்துக்கும் மனுக் கொடுக்கலாம், அது 2018-ல் உச்ச நீதிமன்றம் சட்டமாக்கியது.

இழப்பீடு பற்றி நிறையத் தவறான நம்பிக்கை இருக்கிறது. அரசு கட்டித் தரும் என்று இருக்காதீர்கள். 2002-ல் குஜராத்தில் சேதமான வழிபாட்டு இடங்களுக்கு அரசு பணம் தர வேண்டும் என்று அந்த மாநில உயர் நீதிமன்றம் 2012-ல் உத்தரவிட்டது. 2017 ஆகஸ்ட் 29-ல் உச்ச நீதிமன்றம் அதை நீக்கி, கட்டடம் ஒன்றுக்கு உச்சம் 50,000 ரூபாய் கருணைத்தொகை என்ற அரசுத் திட்டத்தை ஏற்றது. கோபுரத்துக்குக் கலவை வாங்கக்கூடக் காணாது. எனவே இன்ஷூரன்ஸ் பத்திரத்தைப் பிரித்துப் பாருங்கள். கலவரம், வேண்டுமென்றே செய்த சேதம் பெரும்பாலும் தீ பாலிசிக்குள் இருக்கும். பயங்கரவாதத்துக்குத் தனி இணைப்புக் கேட்பார்கள், திருட்டு வேறு பாலிசி. எப்.ஐ.ஆரில் என்ன சொல் விழுகிறதோ அதைப் பிடித்துக்கொண்டு நிறுவனம் பணத்தை மறுக்கும், எனவே அந்தச் சொல்லைப் பார்த்துப் போடச் சொல்லுங்கள். காயம்பட்டவர்களும் இறந்தவர் குடும்பமும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுக்கலாம், குற்றவாளி பிடிபடாவிட்டாலும் சுரக்ஷா சன்ஹிதாவின் 396 பொருந்தும்.

இலங்கையை மட்டும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 2019 ஏப்ரல் 21 ஈஸ்டர் ஞாயிறன்று கொச்சிக்கடை, நீர்கொழும்பு, மட்டக்களப்பு சீயோன் ஆலயம் என மூன்று தேவாலயங்களும் ஹோட்டல்களும் வெடித்தன. வெடித்தவர்கள் செத்துவிட்டார்கள், யார் மேல் வழக்குப் போடுவது? பாதிக்கப்பட்டவர்கள் அடிப்படை உரிமை மனுவோடு உச்ச நீதிமன்றம் போனார்கள். முன்கூட்டியே உளவுத் தகவல் எழுத்தில் வந்திருந்தது, அதிகாரிகள் கையில் எடுக்கவில்லை என்பதுதான் அவர்கள் வாதம். 2023 ஜனவரி 12-ல் முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன தன் பணத்திலிருந்து பத்துக் கோடி இலங்கை ரூபாய் தர வேண்டும் என்று தீர்ப்பு வந்தது, மற்ற அதிகாரிகளும் தனியே. தகவல் எழுத்தில் இருந்ததால்தான் இது சாத்தியமாயிற்று. உங்கள் ஆலயத்துக்கு மிரட்டல் வந்தால் ஏட்டையாவிடம் வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். எழுதிக் கொடுங்கள், ஏற்புக் கையெழுத்து வாங்குங்கள்.

நியூசிலாந்தில் 2019 மார்ச் 15 கிறைஸ்ட்சர்ச் பள்ளிவாசல்களில் 51 பேரைக் கொன்றவன் குற்றத்தை ஒப்புக்கொண்டான். 2020 ஆகஸ்டில் நான்கு நாள் தண்டனை விசாரணையில் பாதிக்கப்பட்ட குடும்பங்கள் அவன் முகத்தைப் பார்த்துப் பேசின. பரோல் இல்லாத ஆயுள் தண்டனை. இங்கே அப்படி ஒரு நாள் ஒதுக்குவதில்லை. ஆனால் பாதிக்கப்பட்டவரை ஒவ்வொரு கட்டத்திலும் கேட்க வேண்டும் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அரசு வழக்கறிஞருக்கு உதவியாக உங்கள் வக்கீலை வைத்துக்கொள்ள அதே சன்ஹிதாவின் 18(8) இடம் தருகிறது. விடுதலைத் தீர்ப்பு வந்தால் அரசை எதிர்பாராமல் நீங்களே மேல்முறையீடு செய்யலாம், 413. ஒரு நிறுவனமும் பாதிக்கப்பட்டவர்தான் என்று 2025-ல் தீர்ப்பானதால், ஜமாஅத்தும் அறங்காவலர் குழுவும் இந்த உரிமையைக் கேட்டு வாதாடலாம். அதற்குக் குழுவின் தீர்மானம் ஒன்று வேண்டும், யார் பெயரில் நடத்துகிறோம் என்று. இதைச் செய்யாமல் தலைவர் மாறியதும் வழக்கைக் கவனிக்க ஆளில்லாமல் போனவை பல.

கொடை, கந்தூரி, அசனம் என்று கூட்டம் கூடும் மாதங்களுக்கு முன்னால் ஒரு சாயங்காலம் உட்கார்ந்து டி.வி.ஆர். கடிகாரத்தைச் சரிசெய்யுங்கள். விக்கிரகம், வாகனம், பீடம், மிம்பர், பலிபீடம் எல்லாவற்றையும் ஸ்கேல் வைத்துப் படமெடுங்கள். உடைந்தபிறகு முன்பு எப்படி இருந்தது என்று காட்ட ஊரில் இருப்பது பெரும்பாலும் யாரோ வீட்டுக் கல்யாண ஆல்பம் மட்டுமே. படங்களின் ஒரு பிரதியை ஆலயத்துக்கு வெளியே, வேறொருவர் வீட்டுப் பீரோவில் வைத்திருங்கள்.

இப்படிக்கு,
பாளையங்கோட்டை நீதிமன்றங்களில் பணிபுரியும் வழக்கறிஞர்கள் சிலர்